அருகருகே நின்ற இரு கட்டளைகள்

மோசே சினாய் மலையிலிருந்து கொண்டுவந்தவை இரண்டு கற்பலகைகள். பலகைக்கு ஐந்தாகப் பத்துக் கட்டளைகள் அவற்றில் பொறிக்கப்பட்டிருந்தன என்பது யூத மரபு. முதற்பலகை இறைவனுக்கும் பெற்றோருக்கும் மனிதன் ஆற்றவேண்டியதைக் கூறுகிறது. இரண்டாம் பலகை மனிதன் தன்னொத்த மனிதனுக்குச் செய்யக்கூடாததைக் கூறுகிறது. அதன் தொடக்கத்திலேயே, ஒன்றன்பின் ஒன்றாக, கொலையும் பிறன்மனை சேர்தலும் விலக்கப்படுகின்றன. ஓய்வுநாள் பற்றிய கட்டளை நீளமானது. அது காரணம் கூறுகிறது, வேலையாட்களையும் கால்நடைகளையும்கூட நினைவில் கொள்கிறது. இவ்விரு கட்டளைகளுக்கோ எபிரேய மொழியில் இரண்டிரண்டு சொற்களே. காரணம் கூறப்படவில்லை; மீறியவனுக்கு என்ன நேரும் என்ற குறிப்பும் அவ்விடத்தில் இல்லை.

யூதர்களுக்கு இவை ஆறாவது, ஏழாவது கட்டளைகள். ஆங்கிலிக்கன் மரபிலும் கீழைத் திருச்சபைகளிலும் அவ்வாறே. புனித அகஸ்டின் கொண்ட முறையைப் பின்பற்றும் கத்தோலிக்கருக்கும் லூத்தரன் சபையினருக்கும் இவை ஐந்தாவதும் ஆறாவதும் ஆகும். ஒரே தெருவில் வாழும் தென்னிந்தியத் திருச்சபைக் குழந்தையும் கத்தோலிக்கக் குழந்தையும் வெவ்வேறு எண்களை ஒப்பிப்பதற்கு இதுவே காரணம். முன்பின் வரிசையும் எங்கும் ஒன்றாக இருந்ததில்லை. எகிப்தில் கிடைத்து இன்று கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழக நூலகத்தில் பாதுகாக்கப்படும் ‘நாஷ் பாப்பிரஸ்’ என்னும் எபிரேய ஏடு இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு மேற்பட்டது எனக் கருதப்படுகிறது. அதில் பிறன்மனை பற்றிய விலக்கு முதலிலும் கொலை பற்றியது அடுத்தும் வருகின்றன. அலெக்சாந்திரியாவில் வாழ்ந்த யூதத் தத்துவ ஞானி ஃபைலோவும் அவ்வரிசையிலேயே விளக்கம் எழுதினார். உரோமையருக்கு எழுதிய திருமுகத்தில் புனித பவுலும் அப்படியே அடுக்குகிறார். எது முந்தியது என்பதில்தான் வேறுபாடு. இரண்டையும் யாரும் பிரித்து வைக்கவில்லை.

திருக்குறளை அறிந்தவர்களுக்கு இந்த அண்மை சற்று வியப்பளிக்கலாம். வள்ளுவர் ‘பிறனில் விழையாமை’யை இல்லறவியலில் பதினைந்தாம் அதிகாரமாக வைத்தார். ‘கொல்லாமை’யைத் துறவறவியலில் முப்பத்து மூன்றாம் அதிகாரமாக வைத்து, எல்லா உயிர்களுக்கும் அதை விரித்தார். மோசேயின் கட்டளை மனித உயிரைப் பற்றியது மட்டுமே. அது துறவிக்கு உரியதன்று. ஊர் நடுவே அயலானுடன் வேலியும் கிணறும் பகிர்ந்து வாழ்பவனுக்கு உரியது. அவ்வாழ்வில் இவ்விரு குற்றங்களும் எவ்வளவு நெருக்கமானவை என்பதை விவிலியமே ஒரு மன்னனின் கதையால் காட்டுகிறது. அதற்குமுன் சொற்களைச் சற்று ஆராய்வது நலம்.

சொல்லும் வரம்பும்

முதற்கட்டளையில் வரும் எபிரேய வினைச்சொல் ‘ராட்ஸாக்’. போரில் பகைவனை வீழ்த்துவதற்கு விவிலியம் இச்சொல்லை ஆள்வதில்லை. அதற்கு வேறு சொற்கள் உண்டு. 1611இல் வெளியான ஆங்கில மொழிபெயர்ப்பு ‘கொல்லுதல்’ என்னும் பொதுச்சொல்லை இட்டது. 1917இல் அமெரிக்க யூதர்கள் வெளியிட்ட மொழிபெயர்ப்போ அதனைக் ‘கொலை புரிதல்’ என்று வரையறுத்துக்கொண்டது. எனினும் கைதவறி நேரும் மரணத்துக்கும் விவிலியம் அதே சொல்லை வழங்குகிறது. காட்டில் மரம் வெட்டுகையில் காம்பிலிருந்து கழன்ற கோடரி அருகிலிருந்தவன்மேல் பட்டு அவன் இறந்துவிட்டால், வெட்டியவன் ஆறு அடைக்கல நகரங்களுள் ஒன்றுக்கு ஓடிச் சென்று, தலைமைக் குரு இறக்கும்வரை அங்கேயே தங்கியிருக்க வேண்டும். பகை இல்லை, நோக்கமும் இல்லை. ஆயினும் ஓர் உயிர் போனது. ஆகவே அவன் வழக்கம்போல் வீடு திரும்பிவிட முடியாது. கி.பி. 200ஐ ஒட்டித் தொகுக்கப்பட்ட ‘மிஷ்னா’ என்னும் யூத நெறிநூல் இங்கே ஒரு செய்தியைச் சேர்க்கிறது. தலைமைக் குருமார்களின் தாயர் அந்நகரங்களில் இருந்தோருக்கு உணவும் உடையும் வழங்கி வந்தனராம். தம் மகன் விரைவில் மாண்டால் வீடு திரும்பலாம் என்று அவர்கள் வேண்டிக்கொள்ளக் கூடாதே என்ற தாய்மனத்தின் கவலை!

அடுத்த கட்டளையின் சொல் ‘நாஅஃப்’. தமிழ் விவிலியத்தில் இதற்கு ‘விபசாரம்’ என்னும் சொல் வழங்குகிறது. இன்றைய பேச்சுவழக்கில் அச்சொல் பொருளுக்கு உடலை விற்பதைக் குறிக்கத் தொடங்கிவிட்டதால், கட்டளையின் கூர்மை சிலருக்குப் புலப்படுவதில்லை. பழைய சட்டம் குறித்தது, மணமான அல்லது மண உறுதி செய்யப்பட்ட பெண்ணுக்கும் வேறோர் ஆணுக்கும் இடையிலான உறவையே. மணமான ஆண் மணமாகாத பெண்ணிடம் சென்றால் அது பழிக்கத்தக்கதாக இருக்கலாம். ஆனால் இச்சொல் அதற்குப் பொருந்தாது. பலதார மணம் இருந்த காலத்தின் வரம்பு அது. அதை மூடிமறைக்க வேண்டியதில்லை. மரபே பின்னாளில் அவ்வரம்பை நகர்த்தியது. கி.பி. 1000ஐ ஒட்டி, ஜெர்மனியின் மைன்ஸ் நகரில் வாழ்ந்த ரபீ கெர்ஷோமின் பெயரால் அப்பகுதி யூதர்களிடையே ஒருவன் இரு மனைவியரை மணப்பது தடைசெய்யப்பட்டது.

மன்னன் எழுதிய கடிதம்

தாவீது மன்னனின் படைகள் அம்மோனியரின் தலைநகரான ரப்பாவை முற்றுகையிட்டிருந்தன. மன்னன் மட்டும் எருசலேமில் தங்கிவிட்டான். ஒரு மாலைப்பொழுதில் அரண்மனை மேல்தளத்தில் உலவியவன், நீராடிக்கொண்டிருந்த ஒரு பெண்ணைக் கண்டான். அவள் பெயர் பத்சேபா; அவன் படைவீரருள் ஒருவனான உரியாவின் மனைவி. யார் மனைவி என்று கேட்டறிந்த பின்னரே மன்னன் ஆளனுப்பினான் என்பதை நூல் தெளிவாகச் சொல்கிறது. அறியாமல் செய்தான் என்று கூற வழியில்லை.

சில நாட்களில் அவள் கருவுற்ற செய்தி வந்தது. தாவீது உரியாவைப் போர்க்களத்திலிருந்து வரவழைத்து, வீட்டுக்குச் சென்று இளைப்பாறும்படி கூறினான். அவன் ஓர் இரவு மனைவியுடன் தங்கினால் எல்லாம் மறைந்துவிடும். உரியாவோ அரண்மனை வாயிலில் காவலர்களுடன் படுத்துக்கொண்டான். இறைவனின் பேழையும் உடன்வீரர்களும் கூடாரத்தில் இருக்கையில் தான் மட்டும் வீட்டுக்குச் சென்று உண்டு மகிழ்வது தகாது என்றான். மறுநாள் அவனுக்கு மதுவூட்டியும் பயனில்லை. இத்தனைக்கும் உரியா இஸ்ரயேல் குலத்தவன் அல்லன். இத்தியன் என்று நூல் அவனைப் பலமுறை நினைவூட்டுகிறது. சட்டம் பெற்ற குலத்தின் மன்னன் அச்சட்டத்தை மிதித்துக்கொண்டிருந்தபோது, வெளியிலிருந்து வந்தவன் விதியாலன்றித் தன் மன இயல்பாலேயே நெறி வழுவாது நின்றான்.

பின்னர் மன்னன் படைத்தலைவன் யோவாபுக்கு ஒரு கடிதம் எழுதினான். போர் கடுமையாக நடக்கும் இடத்தில் உரியாவை முன்னிறுத்திவிட்டு மற்றவர்கள் பின்வாங்கிவிட வேண்டும் என்பது அதன் செய்தி. அதை உரியாவின் கையிலேயே கொடுத்தனுப்பினான். தன் மரண ஆணையைத் தானே சுமந்து சென்றான் அவ்வீரன். அந்தத் தாக்குதலில் அவனோடு வேறு சில வீரர்களும் மாண்டனர். அவர்கள் பெயர்கூட நூலில் இல்லை.

ஒரு கட்டளையை மீறியவன் மறுகட்டளைக்கு வந்து சேர்ந்த வழி இதுதான். கொலை செய்யும் எண்ணம் தாவீதுக்குத் தொடக்கத்தில் இருந்ததாகத் தெரியவில்லை. அவன் விரும்பியது மறைப்பு. மறைப்புக்கு உரியாவின் நேர்மை தடையாக நின்றது.

இறைவாக்கினர் நாத்தான் மன்னனிடம் வந்தார். குற்றஞ்சாட்டவில்லை, ஒரு வழக்கைக் கூறினார். செல்வன் ஒருவனுக்கு ஆடுமாடுகள் மந்தை மந்தையாக இருந்தன. ஏழை ஒருவனுக்கு விலைகொடுத்து வாங்கிய ஒரே ஒரு பெண்ணாட்டுக்குட்டி. அது அவன் பிள்ளைகளோடு வளர்ந்து, அவன் உணவை உண்டு, அவன் மடியில் உறங்கியது. செல்வன் வீட்டுக்கு விருந்தினன் வந்தான். தன் மந்தையில் கைவைக்க மனமின்றி, செல்வன் ஏழையின் குட்டியைப் பறித்துச் சமைத்தான். கேட்ட தாவீது சினந்தெழுந்து, அவன் சாகவேண்டியவன் என்று தீர்ப்பளித்தான். அம்மனிதன் நீயே என்றார் நாத்தான்.

இறைவாக்கினர் வழக்கில் கொலையும் இல்லை, பிறன்மனையும் இல்லை. ஓர் ஆட்டுக்குட்டி மட்டுமே உண்டு. நிறைய உள்ளவன் ஒன்றே உள்ளவனிடம் பறித்தான் என்பதே இரு குற்றங்களுக்கும் பொதுவான உருவம். தாவீது வாதிடவில்லை; தான் பாவம் செய்ததாக ஒப்புக்கொண்டான். அவனுக்கு மரணம் இல்லை என்றார் நாத்தான். ஆனால் வாள் அவன் வீட்டை விட்டு நீங்காது என்றும் சேர்த்துச் சொன்னார். பிறந்த குழந்தை இறந்தது. பின்னாளில் மகனே தந்தைக்கு எதிராகப் படைதிரட்டினான்.

‘தல்மூத்’ என்னும் யூதப் பெருநூலில் தாவீதைக் காப்பாற்ற முயன்ற அறிஞர்களின் வாதங்களும் உள்ளன. போருக்குச் செல்லும் வீரர்கள் மனைவியருக்கு மணவிலக்குச் சீட்டு எழுதிவைத்துச் செல்வது வழக்கமாதலால் பத்சேபா அப்போது பிறன்மனைவி ஆகமாட்டாள் என்பது அவற்றுள் ஒன்று. அவ்வாறு மன்னனுக்குப் பரிந்து பேசிய ஒருவர் தாவீதின் வழித்தோன்றல் என்பதால்தான் அப்படிப் பேசுகிறார் என்று சக அறிஞர் ஒருவர் சுட்டியதையும் அதே நூல் ஒளிக்காமல் பதிந்துள்ளது. மத்தேயு நற்செய்தியோ வேறு வழியில் நினைவைக் காத்தது. ஏசுநாதரின் மூதாதையர் பட்டியலில் சாலமோனின் தாயைப் பற்றிக் கூறவேண்டிய இடத்தில் அவளது பெயரை எழுதாமல், உரியாவின் மனைவி என்றே எழுதுகிறது. தாவீது மணந்து அரசியாக்கிய பின்னரும் அவள் உரியாவின் மனைவிதான்.

தயங்கிய நீதிமன்றம்

இரு குற்றங்களுக்கும் மோசேயின் சட்டம் மரண தண்டனை விதிக்கிறது. பிறன்மனைக் குற்றத்தில் ஆண், பெண் இருவருக்குமே அது உரியது. ஆனால் கொலையை விலக்கும் சட்டம் கொலையாளியைக் கொல்லும்போது என்ன நிகழ்கிறது? மிஷ்னாவைத் தொகுத்த ரபீக்கள் இந்தக் கேள்வியை விட்டு அகலவே இல்லை.

உயிர்வழக்கில் சாட்சி சொல்ல வருபவர்களை நீதிபதிகள் முதலில் அச்சுறுத்த வேண்டும் என்கிறது மிஷ்னா. பண வழக்கில் தவறு நேர்ந்தால் பணத்தால் ஈடுசெய்யலாம். இங்கே சிந்தும் இரத்தமும், அவனுக்குப் பிறந்திருக்கக்கூடிய தலைமுறைகளின் இரத்தமும் சாட்சியின் தலைமேல் நிற்கும். ஆதியில் ஒரே ஒரு மனிதன் படைக்கப்பட்டதற்குக் காரணம், ஓருயிரை அழிப்பவன் ஓர் உலகத்தையே அழித்தவன் ஆவான் என்று கற்பிப்பதற்கே என அவர்களுக்கு எடுத்துரைக்கப்படும். சாட்சிகள் இருவர் வேண்டும். குற்றத்துக்கு முன் அவனை எச்சரித்திருக்க வேண்டும். அவனும் அறிந்தே செய்வதாக ஏற்றிருக்க வேண்டும். இத்தனை நிபந்தனைகளையும் நிறைவு செய்யும் குற்றவாளி எங்கே கிடைப்பான் என்று கேட்கத் தோன்றும். ரபீக்களின் நோக்கமும் ஏறத்தாழ அதுவே.

ஏழாண்டுக்கு ஒருவரைக் கொல்லும் மன்றம் அழிவு மன்றம் எனப்படும் என்று மிஷ்னா கூறுகிறது. எழுபது ஆண்டுக்கு ஒருவர் என்றாலும் அப்படியே என்றார் எலயாசர் பென் அசரியா. தாங்கள் மன்றத்தில் இருந்திருந்தால் எவருமே கொல்லப்பட்டிருக்க மாட்டார்கள் என்றனர் தர்ஃபோனும் அகீவாவும். எப்படித் தடுத்திருப்பார்கள் என்பதைத் தல்மூத் விளக்குகிறது: வாள் பட்ட இடத்தில் முன்பே ஒரு துளை இருந்ததா இல்லையா, பார்த்தீர்களா என்று சாட்சிகளைக் கேட்டிருப்பார்களாம். ஆனால் அதே பத்தியில் சீமோன் பென் கமாலியேலின் மறுப்பும் நிற்கிறது. இப்படிச் செய்தால் நாட்டில் இரத்தம் சிந்துவோரைப் பெருகச் செய்தவர்கள் நீங்களே ஆவீர்கள் என்கிறார் அவர். மிஷ்னா இருவரில் எவரையும் வெற்றிபெறச் செய்யவில்லை. கொலையுண்டவனின் வீட்டாரை எண்ணிப் பார்ப்பவர்களுக்குச் சீமோனின் சொல்லை எளிதில் தள்ளிவிட இயலாது.

வேறிரண்டு சடங்குகளும் இவ்விரு கட்டளைகளைச் சார்ந்தவை. மனைவிமேல் ஐயுற்ற கணவன் அவளை ஆலயத்துக்கு அழைத்து வந்து ‘கசப்பு நீர்’ அருந்தச் செய்வது ஒன்று. ஊர்களுக்கு இடையே வயல்வெளியில் கொலையுண்ட உடல் கிடந்து, கொன்றவன் தெரியாவிட்டால், அருகிலுள்ள ஊரின் மூப்பர்கள் ஓர் இளம்பசுவின் கழுத்தை முறித்து, கைகழுவி, தம் கைகள் இந்த இரத்தத்தைச் சிந்தவில்லை என்று அறிவிப்பது மற்றொன்று. மூப்பர்களைக் கொலைகாரர் என்று யார் நினைத்தார்கள் என்று வினவும் மிஷ்னா, அதற்கு விடையும் கூறுகிறது. அவன் எங்கள் ஊருக்கு வந்து, நாங்கள் உணவளிக்காமல் அனுப்பியதுமில்லை; அவனைக் கண்டு, வழித்துணையின்றி விட்டதுமில்லை என்பதே அந்த அறிவிப்பின் பொருளாம். பசித்தவனை வெறுங்கையுடன் அனுப்பிய ஊருக்கு அந்தக் கைகழுவும் தகுதி இல்லை.

கொலைகாரர்கள் பெருகியபோது பசுவின் சடங்கு நின்றது என்றும், பிறன்மனை புகுவோர் பெருகியபோது கசப்பு நீர் நின்றது என்றும் ஒரே மூச்சில் கூறுகிறது அந்நூல். கசப்பு நீரை நிறுத்தியவர் முதல் நூற்றாண்டினரான யோகனான் பென் சக்காய். அதற்கு அவர் ஓசேயா இறைவாக்கினரைச் சான்று காட்டினார். ஆண்களே பரத்தையரிடம் செல்லும்போது பெண்களை மட்டும் தண்டிக்கமாட்டேன் என்று இறைவன் கூறுவதாக ஓசேயாவின் நூலில் ஓர் இடம் உண்டு. ஐயுறும் கணவர்களின் கைகளே தூயவையாக இல்லாதபோது, அந்தக் கிண்ணத்தை ஏந்துவதற்கு யாருக்கும் உரிமை இல்லை என்று அவர் கண்டார்.

இதனால் இக்குற்றங்களை அவர்கள் இலேசாகக் கருதினார்கள் என்று எண்ணிவிடக் கூடாது. லோத் நகரில் ஒரு வீட்டு மாடியறையில் கூடிய அறிஞர்கள், உயிர் போகும் நிலையில் ஏனைய கட்டளைகளை மீறலாம், மூன்றை மட்டும் மீறுவதைவிடச் சாவதே மேல் என்று முடிவு செய்தனர். பிற தெய்வ வணக்கம், தகாத புணர்ச்சி, கொலை ஆகியவை அம்மூன்று. ஊரின் ஆளுநன் ஒருவனைக் கொல்லும்படி கட்டளையிட்டு, மறுத்தால் உன்னைக் கொல்வேன் என்கிறான். என்ன செய்வது என்று கேட்டு ஒருவன் அறிஞர் ராவாவிடம் வந்தான். நீ செத்துப் போ, கொல்லாதே என்றார் அவர். உன் இரத்தம் அவன் இரத்தத்தைவிடச் சிவப்பு என்று உனக்கு யார் சொன்னது என்று கேட்டார்.

வெளுத்துப்போகும் முகம்

மலைப்பொழிவில் ஏசுநாதர் இவ்விரு கட்டளைகளையும் அடுத்தடுத்தே எடுத்துக்கொள்கிறார். கொலைக்கு முன் சினம் உண்டு, இழிசொல் உண்டு. அவையும் தீர்ப்புக்கு உரியவை என்கிறார். காணிக்கை செலுத்தப் பீடத்தருகே நிற்கும்போது உடன்பிறந்தான் மனத்தில் தன்மேல் குறை உண்டென நினைவு வந்தால், காணிக்கையை அங்கேயே விட்டுவிட்டு முதலில் அவனிடம் செல்லவேண்டும் என்கிறார். யார்மேல் தனக்குக் கோபம் என்று அவர் கேட்கவில்லை. தன்மேல் யாருக்கு மனத்தாங்கல் என்று கேட்கச் சொல்கிறார். அடுத்து, பெண்ணை இச்சையோடு நோக்குபவன் உள்ளத்தில் ஏற்கெனவே கட்டளையை மீறிவிட்டான் என்கிறார். பிடுங்கவேண்டியது கண்ணையே என்று அவர் கடுமையாகக் கூறும்போதும், பார்ப்பவனின் கண்ணைத்தான் சொல்கிறார். பார்க்கப்பட்ட பெண் எப்படி உடுத்தினாள், ஏன் அவ்வழியே வந்தாள் என்ற பேச்சே அங்கு எழவில்லை.

யூதர்களின் சட்டம் புறத்தை மட்டும் நோக்கியது, ஏசுநாதர்தாம் அகத்தை நோக்கினார் என்று சில மேடைகளில் சொல்லக் கேட்கலாம். அது சரியன்று. உடலால் மட்டுமன்று, கண்ணால் மீறுபவனும் அப்பெயருக்கு உரியவனே என்று ரபீ ரேஷ் லகீஷ் சொன்னதாக யூத விளக்கநூலில் காணப்படுகிறது. ஏசுநாதர் தம் மக்களின் மொழியில், அவர்கள் நெறியின் வேரைத்தான் தொட்டார்.

கொலையைப் பற்றித் தல்மூதில் வரும் ஒரு கருத்து இன்னும் ஆழமானது. அயலானைப் பலர்முன் அவமானப்படுத்துபவன் இரத்தம் சிந்தியவனுக்கு ஒப்பாவான் என்று ஒருவர் ஓதியபோது, நஹ்மான் பார் இத்ஸாக் அதை ஆமோதித்தார். அவமானப்பட்டவன் முகத்திலிருந்து சிவப்பு வடிந்து வெண்மை படர்வதைத் தாம் கண்டதுண்டு என்றார். தமிழிலும் முகம் வெளுத்துப்போயிற்று என்கிறோம். முகத்தை விட்டு நீங்கிய அந்த இரத்தத்துக்கும் கணக்கு உண்டு என்பது அவர் பார்வை.

இங்கே மீண்டும் தாவீது வருகிறான். தல்மூத் கூறும் கதையில், அவன் மற்றவர்களுடன் அமர்ந்து மரண தண்டனைகள் பற்றிய சட்டத்தைப் படித்துக்கொண்டிருப்பானாம். அப்போது சிலர் படிப்பை நிறுத்தி, பிறன்மனை சேர்ந்தவனுக்கு எந்த வகை மரணம், தாவீதே என்று கேட்பார்களாம். அவன் மறுமொழி இது: அவனுக்குக் கழுத்து நெரிப்பு, ஆயினும் மறுமையில் அவனுக்கு இடம் உண்டு. பலர்முன் பிறன் முகத்தை வெளுக்கச் செய்தவனுக்கு அங்கே இடம் இல்லை. தன் குற்றத்தை அவன் மறுக்கவில்லை, குறைத்தும் கூறவில்லை. ஆனால் அதைக் குத்திக்காட்டி இன்பம் கண்டவர்கள் வேறொரு கட்டளையின் எல்லையில் நிற்பதை அவர்களுக்குச் சொன்னான். ஒரு வீட்டில் நிகழ்ந்த பிழையைத் தெருவிலும் கூடத்திலும், இந்நாளில் கைப்பேசி வழியாகவும் பரப்பிக்கொண்டு, தாங்கள் ஒழுக்கத்தைக் காப்பதாக நம்புகிறவர்கள் இந்த மறுமொழியைச் சற்று நிதானித்துக் கேட்கலாம்.

இதையே உயிரைப் பணயம் வைத்துக் காத்தவள் தாமார். யூதாவின் மருமகளான அவள் கணவனை இழந்தவள். மரபுப்படி இளைய மகனுக்கு மணமுடிக்க வேண்டிய யூதா காலம் கடத்தினான். அவள் முக்காடிட்டு வழியோரம் அமர்ந்தாள். பரத்தை என எண்ணிய யூதா, முத்திரையும் கயிறும் கைத்தடியும் ஈடாக அளித்து அவளைச் சேர்ந்தான். மூன்று திங்கள் கழித்து அவள் கருவுற்றிருப்பதை அறிந்த அதே யூதா, அவளை வெளியே கொணர்ந்து எரியுங்கள் என்று தீர்ப்பளித்தான். நெருப்புக்கு இழுத்துச் செல்லப்படும்போது அவள் அவன் பெயரைக் கூவவில்லை. ஈட்டுப் பொருள்களை அவனிடம் அனுப்பி, இவற்றுக்கு உரியவரே தந்தை, யாருடையவை என்று பாருங்கள் என்று மட்டும் சொல்லியனுப்பினாள். அவன் வாய் திறக்காவிட்டால் எரிந்திருப்பாள். யூதா வாய் திறந்தான். என்னைவிட அவளே நீதியுள்ளவள் என்றான். பிறனைப் பலர்முன் நாணவைப்பதைவிடத் தீச்சூளையில் குதிப்பது மேல் என்னும் நெறியை ரபீக்கள் கற்றது இப்பெண்ணிடம். மத்தேயுவின் மூதாதையர் பட்டியலில் உரியாவின் மனைவிக்கு முன்னதாகத் தாமாரின் பெயரும் இருக்கிறது.

ஆலய முற்றத்தில்

யோவான் நற்செய்தியில் வரும் அந்த நிகழ்ச்சியை அறியாதவர்கள் குறைவு. பிறன்மனைக் குற்றத்தில் பிடிபட்டதாக ஒரு பெண்ணை ஆலய முற்றத்துக்குக் கொணர்ந்து, எல்லார் நடுவிலும் நிறுத்தி, கல்லெறிய வேண்டும் என்கிறது மோசேயின் சட்டம், நீர் என்ன சொல்கிறீர் என்று ஏசுநாதரிடம் கேட்டனர். குற்றத்தின்போதே பிடித்ததாகக் கூறியவர்கள் ஆணைக் கொண்டுவரவில்லை. சட்டம் இருவரையும் குறிப்பிட்டிருக்க, ஒருவரை மட்டும் இழுத்து வந்த கணத்திலேயே அவர்கள் சட்டத்தை விட்டு விலகிவிட்டனர்.

அவர் குனிந்து தரையில் விரலால் எழுதினார். என்ன எழுதினார் என்று பலர் பலவாறு ஊகித்துள்ளனர், நற்செய்தி சொல்லவில்லை. எல்லாக் கண்களும் அப்பெண்ணின் முகத்தில் பதிந்திருந்த வேளையில் ஒருவராவது தரையைப் பார்த்தார் என்பதே போதும். விடாது கேட்டபோது நிமிர்ந்து, உங்களுள் பாவமற்றவர் முதற்கல்லை எறியட்டும் என்றார். முதற்கல் என்பது வெறும் பேச்சன்று. சாட்சிகளின் கையே முதலில் எழவேண்டும் என்று மோசேயின் சட்டம் விதித்திருந்தது. சாட்சி சொன்ன வாயோடு கையும் சேரவேண்டும். கொல்லும் செயல் கூட்டத்தில் கரைந்து யாருடையதும் அன்று என்றாகிவிடக் கூடாது. மீண்டும் அவர் குனிந்துகொண்டார். முதியவர்களில் தொடங்கி ஒவ்வொருவராக வெளியேறினர். கலைந்து செல்பவர்களின் முகங்களையும் அவர் பார்க்கவில்லை. பின்னர் அவளிடம், தாமும் தீர்ப்பளிப்பதில்லை என்றும், இனிப் பாவம் செய்யலாகாது என்றும் கூறி அனுப்பினார்.

நான்காம் நூற்றாண்டைச் சேர்ந்த மிகப் பழைய கிரேக்கப் படிகளான சினாய் ஏட்டிலும் வத்திக்கான் ஏட்டிலும் இப்பகுதி இல்லை. எனவே யோவானின் மூலநூலில் இது இருந்திராது என்பதே பெரும்பாலான அறிஞர் கருத்து. எனினும் இதைத் தூக்கியெறிய முடியாமல் திருச்சபை காலங்காலமாகப் படித்து வந்துள்ளது. மனைவியருக்குப் பாவம் செய்ய உரிமம் கிடைத்துவிடும் என்று அஞ்சிய, நம்பிக்கை குன்றிய சிலர் இதைத் தங்கள் படிகளிலிருந்து நீக்கினர் என்று புனித அகஸ்டின் எழுதினார். அவர் ஊகம் சரியோ தவறோ, அந்த அச்சம் உண்மையாக இருந்திருக்கிறது. இனிப் பாவம் செய்யாதே என்ற சொல்லை அஞ்சியவர்கள் கேட்கவில்லை. தீர்ப்பளிப்பதில்லை என்பதோடு அவர்கள் செவி மூடிக்கொண்டது.

மிலான் ஆயரின் மடல்

தொடக்கத் திருச்சபைக்கும் இது எளிதாக இருக்கவில்லை. மூன்றாம் நூற்றாண்டின் தொடக்கத்தில், பிறன்மனைக் குற்றம் புரிந்தோர் கழுவாய் செய்தால் மன்னிப்பு உண்டு என ஓர் ஆயர் அறிவித்தபோது, கார்த்தேஜ் நகரத்துத் தெர்த்துல்லியன் கடும் ஏளனத்துடன் அதைத் தாக்கி ஒரு நூலே எழுதினார். அவர் மன்னிக்க முடியாதவை என அடுக்கியவற்றுள் சிலைவணக்கம், பிறன்மனை, கொலை ஆகிய மூன்றும் முன்னிற்கின்றன; லோத் நகரின் மாடியறையில் எண்ணப்பட்ட அதே மூன்று. அவர் வாதத்தில் வலு இல்லாமல் இல்லை: ஒன்றை மன்னித்தால் மற்றவற்றை ஏன் மன்னிக்கக்கூடாது என்று கேட்டார். திருச்சபை நாளடைவில் அவர் கேள்வியை அவர் எதிர்பாராத திசையில் ஏற்றுக்கொண்டது. மனம் வருந்தி நீண்ட கழுவாய் நோற்றவர்களுக்கு மூன்றுக்குமே கதவைத் திறந்தது.

கி.பி. 390இல் தெசலோனிக்காவில் உரோமைப் படைத்தளபதி ஒருவர் மக்களால் கொல்லப்பட்டார். சினங்கொண்ட பேரரசர் தியோடோசியஸின் ஆணையால், விளையாட்டரங்கில் கூடியிருந்த மக்கள்மேல் படைவீரர்கள் பாய்ந்தனர்; குற்றவாளி, குற்றமற்றவர் என்ற வேறுபாடின்றி வெட்டினர். ஆணையைத் திரும்பப் பெறப் பேரரசர் முயன்றபோது காலம் கடந்துவிட்டது. மிலான் நகர ஆயர் அம்புரோஸ் அப்போது நகரில் பேரரசரைச் சந்திப்பதைத் தவிர்த்து, ஒரு மடல் எழுதினார். பேரரசர் மட்டுமே படிக்கவேண்டும் என்பதற்காக அதை எழுத்தரிடம் சொல்லி எழுதுவிக்காமல் தம் கையாலேயே எழுதினார். நாத்தானையும் ஆட்டுக்குட்டியையும் அதில் நினைவூட்டினார். தாவீது மன்னன் செய்ததைச் செய்ய நாணுகிறீரா என்று வினவினார். கழுவாய் செய்யாமல் பேரரசர் வந்து நின்றால் தம்மால் திருப்பலி நிறைவேற்ற இயலாது என்று பணிவோடும் உறுதியோடும் தெரிவித்தார்.

தியோடோசியஸ் இணங்கினார். 395இல் அவர் மறைந்தபோது மிலானில் நிகழ்ந்த இறுதிச் சடங்கில் அம்புரோஸே உரையாற்றினார். பேரரசர் தம் அரச சின்னங்களைக் களைந்துவிட்டு, ஆலயத்தில் மக்கள்முன் தம் பாவத்துக்காக அழுததை அப்போது அவர் எடுத்துரைத்தார். எளிய மனிதர்களே நாணும் அச்செயலுக்குப் பேரரசர் நாணவில்லை என்றார். அதன் பிறகு அந்தப் பிழைக்காக அவர் வருந்தாத நாள் ஒன்றுகூட இருந்ததில்லை என்றும் கூறினார்.